இரண்டாம் மாடிச் சுயாட்சி

"சட்டம் எழுதிறதெண்டால் என்னட்டைத் தரவேணும். எறும்பு நுழைய ஓட்டை இராது. எழுதி முடிச்சாப் பிறகு நானே நினைச்சாலும் அதை மீற ஏலாது. அதுதான் சட்டம்!"

இப்படி முழங்கியபோது தங்கராசா அண்ணை ஜெர்மனியின் கெல்சென்கிர்ச்சன் நகரத்து அகதி விடுதி ஒன்றின் இரண்டாம் மாடியில், இடுப்பில் சாரமும் மேலே இரண்டு கம்பளிச் சட்டையும் தலையில் குரங்குத் தொப்பியுமாக நின்றிருந்தார். உலகத்தின் பெரிய சட்டவாக்கர்கள் எந்த உடுப்பில் நின்று முழங்கினார்கள் என்பதற்குச் சரியான குறிப்புகள் இல்லை. ஆகையால் சாரத்தை ஒரு குறையாக எடுக்கவேண்டாம்.

காலம் 1987 நவம்பர். கொழும்புப் பாராளுமன்றத்தில் மாகாணசபைச் சட்டம் நிறைவேறிவிட்டது என்று லண்டன் வானொலி சற்றுமுன் சொல்லியிருந்தது. இரண்டாம் மாடித் தமிழர் அனைவரும் ஒரே றேடியோவைச் சுற்றி நின்றார்கள். பெரும்பாலும் இளந்தாரிகள், இரண்டொரு குடும்பங்கள்.

"மூண்டு பட்டியலாம் அண்ணை," என்று தொடங்கியவன் ஸ்ரீதரன். பருத்தித்துறைக்காரன். ஊர், உடைமை, கடவுச்சீட்டு எல்லாவற்றையும் வழியில் இழந்தும் வாயை மட்டும் சேதமில்லாமல் கொண்டுவந்து சேர்த்தவன். "ஒண்டு மாகாணத்துக்கு, ஒண்டு கொழும்புக்கு, மூண்டாவது ரெண்டு பேருக்கும் பொது. நல்லதுதானே?"

"தம்பி, ரெண்டு வளவுக்கும் பொதுவா வேலியிலை ஒரு மாமரம் நிண்டால் ஆர் மாங்காய் பிடுங்கிறது?"

"ரெண்டு பேரும்."

"இல்லை. ஆற்றை கொக்கத்தடி நீளமோ அவர்."

"சரி, விடுங்கோ. மாகாணத்துக்கு ஒரு ஆளுநரும் வாறாராம்."

"ஆர் போடுறது அவரை?"

"சனாதிபதி."

"பாத்தீரோ? கதவு எங்களுக்கு, திறப்பு அவற்றை இடுப்பிலை. உந்தச் சட்டத்துக்குள்ளாலை மாட்டுவண்டில் போகும் தம்பி, மாட்டுவண்டில்!"

இதற்குப் பிறகுதான் மேலே சொன்ன முழக்கம் வந்தது. ஸ்ரீதரன் சிரித்தான். "நீங்கள் தீவார் எழுதினால் வள்ளத்துக்குத்தான் சட்டம் எழுதுவியள்" என்றான். கூட்டம் கலைந்தது.

தீவார் என்றது உண்மை. தங்கராசா அண்ணை நெடுந்தீவில் பிறந்தவர். யாழ்ப்பாணக் கரைக்கு அப்பால் கடலுக்குள் தனியே கிடக்கும் அந்தத் தீவின் கிராமசபையில் எழுத்து வேலை பார்க்கும் லிகிதராக இருந்தவர். சோளகக் காற்றுப் பெயர்ந்து கடல் கொந்தளித்தால் அங்கே படகு ஓடாது. படகு ஓடாவிட்டால் அரசாங்கக் கச்சேரிக் கடிதம் வராது, அதிகாரி வரமாட்டார், மந்திரி வரவேமாட்டார். அந்த நாட்களில் நன்னீர்க் கிணற்றுக்கு முறை வைப்பது, பயிரில் விழுந்த மாட்டைப் பிடித்துக் கட்டுவது, கட்டியவனுக்கும் மாட்டுக்காரனுக்கும் நடக்கும் சண்டையைத் தீர்ப்பது எல்லாவற்றையும் தீவே பார்த்துக்கொண்டது. ஒரு குறையும் இராது. காற்று நின்று படகு வந்து சேர்ந்த பிறகுதான் குறைகள் வந்து இறங்கத் தொடங்கும். ஒரு தீவு தன்னைத் தானே ஆளவல்லது என்பதற்கு இதைவிட நல்ல சாட்சி எந்தப் புத்தகத்திலும் இல்லை என்பது அவருடைய கட்சி.

எண்பத்தொன்றில் கொழும்பு மாவட்ட அபிவிருத்திச் சபைகளுக்கென்று ஒரு சட்டத்தை நடைமுறைக்குக் கொண்டுவந்து, அந்தக் கையோடு கிராமசபைகளை ஒழித்தது. "அதிகாரத்தைச் சனத்துக்குக் கிட்டக் கொண்டுவாறதுக்காக, கிட்ட இருந்ததைத் தூக்கிப் போட்டாங்கள்" என்று அண்ணை அதை விளக்குவார். கதிரை போனது. பிறகு நாடும் போனது. எண்பத்தைந்தில் கிழக்கு பெர்லினில் விமானத்தால் இறங்கி, ரயிலில் மேற்கே வந்து, அரசு எழுதிக்கொடுத்த ஊருக்கு வந்து சேர்ந்தார். இங்கே வேலை செய்யத் தடை. அனுமதியில்லாமல் ஊர் எல்லை தாண்டத் தடை. ஒரு மனிதனுக்குச் செய்யக்கூடியதாக எஞ்சியிருந்தது சிந்தனை ஒன்றுதான். அதை அவர் காலையிலும் மாலையிலும் ஒழுங்காகச் செய்துவந்தார்.

முழக்கத்தை மெய்ப்பிக்க வரலாறு அவருக்கு ஒரு மாதத்துக்குள் வாய்ப்புக் கொடுத்தது. வரலாறு மிளகாய் வடிவத்தில் வந்தது.

யாழ்ப்பாணத் தூளுக்கு மிளகாய் வறுப்பதென்றால் ஊரில் பின்வளவில், காற்று எந்தப் பக்கம் போகிறது என்று பார்த்து வறுப்பார்கள். ஸ்ரீதரனும் கூட்டாளிகளும் மார்கழிக் குளிருக்குப் பயந்து ஜன்னல்களை இறுக்கிச் சாத்திவிட்டு, இரண்டாம் மாடிக் குசினிக்குள்ளேயே வறுத்தார்கள். வறுத்தது ஒரு கட்சி. இருமியது எல்லாக் கட்சியும். புகை படியிறங்கி முதலாம் மாடிக்குப் போனது. அங்கே லெபனானிலிருந்து வந்த சமீரா என்ற பெண், கண்ணும் மூக்கும் ஓட, பிள்ளைகளை அள்ளிக்கொண்டு தீமணியை அடித்துவிட்டாள். தீயணைப்பு வீரர்கள் முகமூடியோடு ஏறிவந்து, நெருப்பைத் தேடிக் களைத்து, கடைசியில் ஒரு தாச்சி மிளகாயைக் கைது செய்துகொண்டு போனார்கள்.

அவர்கள் போனதும் படிக்கட்டில் இரண்டு மாடிகளுக்கும் வாய்ச்சண்டை மூண்டது. தமிழிலும் அரபியிலும் நடந்தது. ஒருவர் சொன்னது மற்றவருக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை; ஆனால் ஒருவரும் பிழையாக விளங்கிக்கொள்ளவில்லை. யாரோ யாரையோ தள்ளினார்கள். விடுதிக் காவலர் ஹெர் நோவாக், பழைய சுரங்கத் தொழிலாளி, நடுவில் புகுந்து பிரித்தார். மறுநாள் இரண்டாம் மாடிக் குசினியைப் பூட்டித் திறப்பை இடுப்பில் கொழுவிக்கொண்டார். அன்றிலிருந்து அந்த மாடிக்குச் சாப்பாடு பெட்டியில் வந்தது. கறுத்தப் பாண், வெள்ளைச் சீஸ், ஓர் அப்பிள். பண்டிகை நாளில் இரண்டு அப்பிள்.

இளந்தாரிகள் பெட்டியைத் திட்டிக்கொண்டே தின்றார்கள். நேசமலரின் மகன் மட்டும் தின்னவில்லை. நேசமலர் கரவெட்டிப் பெண். கணவன் இன்னும் கொழும்பு லொட்ஜ் ஒன்றில் பயணத்துக்குக் காத்திருக்க, மூன்று வயது சுகந்தனைத் தூக்கிக்கொண்டு தனியே வந்தவள். பையன் அந்தப் பெட்டியைக் கண்டதும் வாயை நோவாக்கின் குசினியைவிட இறுக்கமாகப் பூட்டினான். இரண்டு கிழமையில் அவனுடைய கழுசான் இடுப்பில் நிற்க மறுத்தது. டொக்டர் தலையை ஆட்டினார்.

"அண்ணை, எனக்குச் சுயாட்சி ஒண்டும் வேண்டாம்," என்றாள் நேசமலர். "இவனுக்கு ஒரு கை அரிசி அவிக்க ஒரு அடுப்புக் காணும்."

"பிள்ளை," என்றார் தங்கராசா அண்ணை, "சுயாட்சி எண்டால் அதுதான்."

விடுதியை நடத்திய சங்கத்தின் சார்பில் ஃபிறாவ் ஹுல்ஸ்மான் என்ற அம்மையார் வந்து போவார். கண்ணாடியை மூக்கின் நுனியில் வைத்து, எல்லாரையும் அதற்கு மேலாகப் பார்ப்பவர், நெஞ்சு கெட்டவரல்ல. அண்ணை தம் பாதி ஜெர்மனில் அவரிடம் குசினியைக் கேட்டார். அம்மையார் யோசித்தார். "உங்களுக்கு நீங்களே விதி எழுதுங்கள். பங்குனி முடியும் வரை அதன்படி நடத்துங்கள். ஒரு மீறலும் இல்லாவிட்டால் குசினி உங்களிடமே இருக்கட்டும். இருந்தால், திறப்பு திரும்ப நோவாக்கிடம். அதற்குப் பிறகு பேச்சில்லை."

இப்படியாக ஒரு மேலான அதிகாரம் தன் வார்த்தையால் ஒரு மாடிக்குத் தன்னாட்சி வழங்கியது. அண்ணை அன்று முழுவதும் பெட்டியைக்கூடத் திறக்கவில்லை.

சட்டம் எழுத ஒரு முன்மாதிரி வேண்டுமே. ஆஹென் பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி செய்துகொண்டிருந்த சேதுராமன் என்ற கும்பகோணத்துப் பையன் ஞாயிறுகளில் மொழிபெயர்த்து உதவ வருவான். அவனிடம் கேட்டார்.

"ஐலண்டுக்கு ஹோம் ரூலா? லைப்ரரில பார்க்கறேன் சார். ஆனா சார், ஒரு கிச்சனுக்கு கான்ஸ்டிடியூஷன் கொஞ்சம் ஓவரா இல்ல?"

"தம்பி, குசினியை ஆளத் தெரியாதவன் நாட்டை ஆண்டதாலைதான் நான் இஞ்சை நிக்கிறன்."

சேதுராமன் அடுத்த ஞாயிறு ஃபரோ தீவுகளின் தன்னாட்சிச் சட்டத்தை ஜெர்மன் மொழியில் பிரதி எடுத்து வந்தான். வடகடலுக்கு அப்பால், மரம்கூட அரிதாக முளைக்கும் பதினெட்டுத் தீவுகள். ஆடும் மீனும்தான் சீவியம். அந்தத் தீவாருக்கு 1948இல் டென்மார்க் பாராளுமன்றம் தன் நாட்டுச் சட்டமாகவே தன்னாட்சி கொடுத்தது. அண்ணை அகராதியும் கையுமாக உட்கார்ந்தார். சொல் சொல்லாகப் பிடுங்கிப் படித்தார். படிக்கப் படிக்க அவருடைய குரங்குத் தொப்பி தானாகக் கழன்றது.

"பாருமப்பா. முதல் பிரிவிலையே சொல்லிப்போட்டான், இந்தச் சனம் தன்னைத் தானே ஆளுற சனம் எண்டு. பிறகு ஒரு பட்டியல். அதிலை உள்ளதைத் தீவார் விரும்பின நேரம் எடுக்கலாம். எடுத்தால் செலவும் அவையின்ரை. இன்னொரு பட்டியல், அது ரெண்டு பேரும் இருந்து பேசி எடுக்கிறது. வெளிநாட்டு விசயம் கோப்பன்ஹேகனோடை. தகராறு வந்தால் அந்தப் பக்கம் ரெண்டு பேர், இந்தப் பக்கம் ரெண்டு பேர். அதிலையும் சரிவராட்டில் பெரிய கோட்டு நீதவான்மார் மூண்டு பேர். என்ன வடிவான வேலை!"

"ஆளுநர்?" என்றான் ஸ்ரீதரன்.

"அரசாங்கத்தின்ரை ஆள் ஒருவர் இருக்கிறார். ஆனால் திறப்பு அவற்றை இடுப்பிலை இல்லை."

இரண்டாம் மாடிச் சட்டம் தை மாதத்தில் பிறந்தது. முதற்பிரிவு, அண்ணையின் நெஞ்சுக்கு மிக நெருங்கியது: "இச்சட்டத்தின் எல்லைக்குள் இரண்டாம் மாடியார் அனைவரும் தம்மைத் தாமே ஆளும் ஒரே வீட்டார், அவர்க்கு அடுப்பு ஒன்றே." பருத்தித்துறையும் கரவெட்டியும் நெடுந்தீவும் முன்பு அடுப்புக்குத் தங்களுக்குள் அடிபட்ட மாடியில் இப்படியொரு வாக்கியத்தை எழுதுவதற்குத் தைரியம் வேண்டும். முதலாம் பட்டியலில் சமையல் முறை, கழுவல், குப்பை, மிளகாய். எடுத்துக்கொண்டால் சவுக்காரச் செலவும் வீட்டாருடையது. இரண்டாம் பட்டியலில் திறப்பும் ஜன்னலும். இவை பேசித் தீர்க்கப்படும். பேச்சுக்கு அந்தப் பக்கம் இருவர் வேண்டுமென்பதால் ஹெர் நோவாக் ஒருவரே இருவராக எண்ணப்பட்டார். உருவத்தைப் பார்த்தால் அதில் பிழையில்லை. கடைசியாக, மேலிடத்துக்கு ஒதுக்கிய விடயங்கள்: தீமணி, கொதிகலன், பிற மாடிகளுடனான உறவு. சாப்பாட்டு விடயமாக ஒரு மாடியார் மற்ற மாடிக்குப் போவதோ வருவதோ கேட்பதோ கொடுப்பதோ அறவே இல்லை. மிளகாய்ப் போரின் பின் ஃபிறாவ் ஹுல்ஸ்மான் வைத்த ஒரே நிபந்தனை அதுதான்.

அதன்கீழ் அண்ணை தாமாகவே ஒரு வரி சேர்த்தார்: "இதற்கு விதிவிலக்கு இல்லை. இந்த ஒருமுறை மட்டும் என்பதும் இல்லை."

அம்மையாரே தயங்கினார். "ஒரு விதிவிலக்குக்கூட இல்லையா, ஹெர் தங்கராசா?"

"விதிவிலக்குத்தான் அம்மா ஓட்டை."

எல்லாரும் கையெழுத்து வைத்தார்கள். குசினி திறந்தது. சுகந்தன் முதல் நாள் சோற்றையும் பருப்பையும் தின்ற விதத்தைப் பார்த்து ஹெர் நோவாக் வாசலிலேயே நின்றுவிட்டார்.

அந்த மாடியை அறிந்தவர்கள் நம்பமாட்டார்கள். ஆனால் சட்டம் நடந்தது. முறைக்காரன் முறை தவறவில்லை. பருத்தித்துறைக்காரன் நெடுந்தீவாரின் சட்டியைக் கழுவினான், உலகம் அழியவில்லை. மிளகாய் முற்றத்தில், நோவாக்கின் மூலம் முதலாம் மாடிக்கு முறைப்படி அறிவித்த பிறகு வறுக்கப்பட்டது. அன்று முதலாம் மாடி ஜன்னல்கள் சாத்திக்கொண்டன. ஒருநாள் தேநீர்க் கோப்பை ஒன்று கழுவாமல் கிடந்தது. அண்ணை விசாரணை நடத்தினார். கோப்பை தம்முடையது என்று தெரியவந்தது. குற்றவாளிக்கு ஒரு கிழமை குப்பை காவும் தண்டனை விதித்தார். குற்றவாளி மேன்முறையீடு செய்யாமல் பனிக்குள் வாளியோடு போய்வந்தார். ஸ்ரீதரன் ஜன்னலில் நின்று கைதட்டினான். ஆனால் அன்றைக்குப் பிறகு ஒரு கோப்பைகூடக் கழுவாமல் கிடந்ததில்லை.

பங்குனியின் கடைசிக் கிழமை வந்தது. ஃபிறாவ் ஹுல்ஸ்மான் வியாழன் பின்னேரம் வந்து முடிவு சொல்வதாக இருந்தது. மீறல் ஒன்றுமில்லை. அண்ணை சாரத்தைக் களைந்து கால்சட்டை போட்டுக்கொண்டார்.

அந்த வியாழன் காலையில் விடுதி அலுவலகத் தொலைபேசி அடித்தது. லண்டனிலிருந்து நேசமலரின் ஒன்றுவிட்ட அண்ணன். கரவெட்டியில் அவளுடைய தாய் முதல்நாள் மோசம்போய்விட்டார்; அன்று பின்னேரம்தான் பிரேதம் எடுக்கிறார்கள்.

அவள் அலறிய அலறல் நடைவழி முழுக்கக் கேட்டது. எல்லாரும் ஓடிவந்தார்கள். பெண்கள் அவளைப் பிடித்துக்கொண்டார்கள். ஆண்கள் என்ன செய்வதென்று தெரியாமல் சுவரைப் பிடித்துக்கொண்டார்கள்.

சற்று நேரம் பொறுத்து அண்ணை குசினிக்குப் போய்ப் பார்த்தார். அடுப்பு குளிர்ந்து கிடந்தது. அன்றைய முறை ஸ்ரீதரனுடையது. அவன் அரிசியைக்கூடத் தொடாமல் சும்மா நின்றான்.

"என்ன தம்பி, பிள்ளைக்குப் பசிக்கும். அடுப்பை மூட்டும்."

"என்னண்ணை நீங்கள்? செத்தவீட்டிலை அடுப்பு மூட்டுறதே? பிரேதம் எடுக்கும் மட்டும் ஏலாது."

"செத்தவீடு கரவெட்டியிலை. மிஞ்சினால் நேசமலரின்ரை அறை. நாங்கள் அயலுக்குள்ளை. அயல்தான் சமைச்சுக் குடுக்கிறது."

"அயலோ?" ஸ்ரீதரன் சுவரில் ஒட்டியிருந்த முதற்பிரிவைக் காட்டினான். முகத்தில் பகிடி இல்லை. "ஒரே வீட்டார், அடுப்பு ஒண்டே. நீங்கள்தான் எழுதினது, நாங்கள் கையெழுத்து வைச்சனாங்கள். அப்ப அவவின்ரை அம்மா எங்கடை வீட்டுச் சாவெல்லோ?"

"அது... நிருவாகத்துக்கு ஒரே வீடு."

"அப்பிடி எழுதேல்லையே அண்ணை."

அண்ணை மற்றவர்களைப் பார்த்தார். ஒருவரும் அடுப்புக்குக் கிட்டப் போகவில்லை. வல்வெட்டித்துறைப் பையன் ஒருவன், முன்பு அடுப்புக்காக அகப்பையால் அடித்தவன், தலையைக் குனிந்துகொண்டு நின்றான். மனிதன் எழுதிய சட்டத்துக்கு மனிதர் கீழ்ப்படிவது பெரிய காரியம். அதை நம்பிவிடுவது வேறு காரியம். இதற்கு அண்ணை ஆயத்தமாக இருக்கவில்லை. அவருக்குப் பெருமையாக இருந்தது.

நேசமலர் அழுது ஓய்ந்து, சுவரில் சாய்ந்தபடி சொன்னாள்: "எங்கடை அம்மா ஊரிலை எத்தினை செத்தவீட்டுக்குச் சமைச்சுக் குடுத்தவ, அண்ணை. ஒரு சாவு எண்டால் முதல் சட்டி அவவின்ரைதான் போகும். அவவின்ரை சாவுக்கு, இந்த வீட்டுக்கு ஒரு அயல் இல்லை."

பையன் அவள் மடியில் கிடந்து சிணுங்கினான். யாரோ பாண் துண்டொன்று நீட்டினார்கள். வாயைப் பூட்டிக்கொண்டான்.

வீடு ஒன்று, அடுப்பு ஒன்று, அடுப்பு மூட்ட ஏலாது. அயல் என்றால் கீழ்மாடிதான். கீழ்மாடியோ வெளிநாடு. வெளிநாட்டு விடயம் மேலிடத்துக்கு ஒதுக்கியது. நோவாக்கோ ஊசி போட ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தார். அவர் இருந்திருந்தாலும் அனுமதி கொடுக்க ஏலாது. விதிவிலக்கு இல்லை என்று ஒரு புத்திசாலி எழுதிவைத்திருந்தான். இன்று பின்னேரம் அம்மையார் வருகிறார். ஒரு மீறல் என்றால் குசினி போனது; நாளைக்குப் பெட்டி வரும்; பையனின் கழுசான் மறுபடி இடுப்பில் நிற்காது.

அண்ணை படிக்கட்டின் தலைப்பில் போய் நின்றார். ஒரு படி இறங்கினார். திரும்பி ஏறினார். சேர்ட்டை உள்ளே விட்டார். பிறகு, சோளகத்தில் வள்ளம் விடுகிறவனைப்போலக் கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொண்டு, ஒரே மூச்சில் இறங்கிப் போனார்.

முதலாம் மாடிக் குசினி வாசலில் சமீரா நின்றிருந்தாள். தீமணி அடித்த நாளுக்குப் பிறகு இருவரும் நேருக்கு நேர் பார்த்ததில்லை. அவளுடைய ஜெர்மனும் பாதி, அவருடையதும் பாதி. இரண்டையும் சேர்த்தாலும் ஒன்றாகாது.

"மேலே," என்றார் அண்ணை. "அம்மா. சிறிய பெண்ணின் அம்மா. இறந்துவிட்டார். தூர நாட்டில். எங்கள் வழக்கம்... இன்று நெருப்பு இல்லை. பக்கத்து வீடு சமைக்கும். எங்களுக்குப் பக்கத்து வீடு..."

கையைத் தரைக்குக் காட்டினார்.

சமீரா அவரை மேலும் கீழும் பார்த்தாள். "காலையிலிருந்து அழுகை கேட்கிறது," என்றாள். "பயறு ஊறப்போட்டுவிட்டேன். எங்களிடமும் இப்படித்தான். ஏறிவர இருந்தேன். ஏறினால் உங்கள் குசினியைப் பூட்டிவிடுவார்களாமே. உங்களிடம் ஏதோ பயங்கரமான சட்டம் இருக்கிறதாமே. யார் எழுதியது?"

இந்த இடத்தில் வரலாற்றுப் பொருத்தம் கருதி அண்ணை இருமினார்.

"மிளகாய் போடமாட்டேன்," என்றாள் சமீரா, கண்ணைத் துடைத்துக்கொண்டு. "உப்பு மட்டும்."

மத்தியானம் பெரிய பானை நிறையப் பயறும் சோறும் படியேறியது. மேலே வெங்காயம் பொன்னிறமாகப் பொரிந்து கிடந்தது. ஒரு காதைச் சமீரா பிடித்தாள். மற்றக் காதை அண்ணை பிடித்தார். பின்னால் அவளுடைய பிள்ளைகள் தட்டுகளோடு வந்தார்கள். சமீரா நடையில் நேசமலருக்குப் பக்கத்தில் நிலத்தில் உட்கார்ந்து, அவள் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள். சுகந்தன் பானையை எட்டிப் பார்த்தான். ஒரு வாய் வாங்கினான். பிறகு இன்னொரு வாய்க்குத் தானே வாயைத் திறந்தான்.

ஹெர் நோவாக் ஊசி போட்டுக்கொண்டு திரும்பி, ஃபிறாவ் ஹுல்ஸ்மானோடு ஒன்றாகப் படியேறி வந்தபோது கண்ட காட்சி இதுதான்: இரண்டாம் மாடி நடையில் முதலாம் மாடி உட்கார்ந்திருந்தது.

"மீறல்," என்றார் நோவாக். சொல்லிவிட்டு, நேசமலரின் முகத்தைக் கண்டதும், சொல்லியிருக்கக்கூடாதோ என்பதுபோல் தொப்பியைக் கழற்றினார். சேதுராமன் அன்று இல்லை. ஸ்ரீதரன் உடைந்த ஜெர்மனில் நடந்ததைச் சொன்னான். சாவைச் சொன்னான், அடுப்பைச் சொன்னான். கையோடு வழக்கும் பேசினான். பானை தானாக வந்தது, மனிதர் அதற்குத் துணையாகத்தான் வந்தார்கள் என்றான். நடை மாடியில் சேராது, படிக்கட்டில்தான் சேரும் என்றான். சமீரா தங்கள் தூரத்துச் சொந்தம் என்று தொடங்கியபோது அண்ணை கையைக் காட்டி நிறுத்தினார்.

"போதும் தம்பி. அம்மா, கீழே போனது நான். கேட்டது நான். பானையின் ஒரு காதைப் பிடித்ததும் நான்."

அம்மையார் கண்ணாடிக்கு மேலாக அவரைப் பார்த்தார். பிறகு சுவரிலிருந்த சட்டத்தை, முதல் வரியிலிருந்து கடைசி வரி வரை, ஆறுதலாக வாசித்தார். சுகந்தன் மென்றுகொண்டிருந்தான்.

"ஹெர் தங்கராசா," என்றார் கடைசியில். "இந்தச் சட்டம் இப்படிப்பட்ட நாளையும் நினைத்து எழுதப்பட்டது என்றால், நீங்கள் அதை மீறியிருக்கிறீர்கள். நான் திறப்பை வாங்கவேண்டும். நினைக்காமல் எழுதப்பட்டது என்றால் மீறல் ஒன்றுமில்லை. சட்டத்தில் ஓட்டை இருக்கிறது, அவ்வளவுதான். ஓட்டை உள்ள சட்டத்தை வைத்து நான் குசினியைப் பூட்ட முடியாது; பூட்டவும் மாட்டேன். இதில் எது என்று எழுதியவர்தான் சொல்லவேண்டும். மரணம் வரும் என்று நினைத்து எழுதினீர்களா?"

எல்லாத் தலையும் அண்ணையின் பக்கம் திரும்பின. ஸ்ரீதரனின் தலை மட்டும் திரும்பவில்லை. அவன் தன் செருப்பைப் பார்த்துக்கொண்டு நின்றான். அவர் சொல்லப்போவதைக் கேட்டால் பிறகு சிரிக்கவேண்டி வருமோ என்று பயந்தவனைப்போல.

தங்கராசா அண்ணை கிராமசபை லிகிதர். கொழும்புச் சட்டத்துக்குள்ளால் மாட்டுவண்டில் ஓட்டியவர். கோப்பன்ஹேகன் சட்டத்தை அகராதியால் தோண்டி எடுத்தவர். அவர் சுவரிலிருந்த தம் கையெழுத்தை ஒருதரம் பார்த்தார். பிறகு பையனின் வாயைப் பார்த்தார்.

"இல்லை அம்மா. நினைக்கவில்லை," என்றார் மெதுவாக. "ஓட்டை இருக்கிறது. ஒரு பானை போய்வருகிற அளவு."